அண்ணி–கொழுந்தன் கதைக்கு சென்சார் கிடைக்குமா?

கேள்வி: அண்ணன் உயிரோடு இருக்கும்போதே அண்ணிக்கும் கொழுந்தனுக்கும் ஏற்படும் ஈர்ப்பை வைத்துப் படம் முடித்துவிட்டேன். இந்தக் கதையையே தடை செய்வார்கள் என்கிறார்கள். பணம் கொடுத்தால் ‘யு/ஏ’ வாங்கித் தருவதாக ஒருவர் சொல்கிறார். என்ன செய்யலாம்?

பதில்: அவருக்கு ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள். விண்ணப்பமும் கட்டணமும் தணிக்கை வாரியத்தின் ‘இ-சினிபிரமாண்’ இணையதளத்தில் தயாரிப்பாளர் பெயரிலேயே போகின்றன. ‘யு/ஏ’ வந்தால் தன் செல்வாக்கு என்பார், ‘ஏ’ வந்தால் குழு சரியில்லை என்பார். தளத்தின் கடவுச்சொல்லையும் அவரிடம் தராதீர்கள்.

உறவு எதுவென்பது மட்டுமே தடைக்குக் காரணமாகாது. தணிக்கைக்கான 1991 வழிகாட்டு நெறிகள் படத்தை முழுமையாகப் பார்த்து எடைபோடச் சொல்கின்றன. கத்தரி விழுவது உடம்பை மேயும் கேமராவுக்கும், நீளும் படுக்கைக் காட்சிக்கும், இரட்டை அர்த்த வசனத்துக்கும்தான். இருவரும் வயது வந்தவர்கள் என்பது வசனத்திலேயே தெளிவாக வரட்டும். நெருக்கக் காட்சிகளில் வசனம், இசை, சூழல் ஒலி மூன்றையும் தனித்தனி டிராக்கில் வைத்திருங்கள். ஒன்றாகக் கலந்துவிட்டால், 15 விநாடி வெட்டினாலே இசை துள்ளும். திரும்ப மிக்ஸிங் செலவு.

‘ஏ’ கிடைத்தால் அடிபடுவது தொலைக்காட்சி உரிமை, ஏனெனில் அந்தப் பிரதியை ஒளிபரப்ப முடியாது. இதற்கு ஒரு விலக்கு உண்டு, எல்லோரும் குழப்பிக்கொள்வதும் இதில்தான். 2023 சட்டத்திருத்தத்துக்குப் பின், ‘ஏ’ படத்தைத் தேவையான அளவு வெட்டி, தொலைக்காட்சிக்காக ‘யு/ஏ’ கேட்டுத் தனியாக விண்ணப்பிக்கலாம். தியேட்டர் பிரதியும் அதன் ‘ஏ’ சான்றிதழும் அப்படியே இருக்கும். வெட்டிய பிரதி தொலைக்காட்சிக்கு மட்டும். அதைத் தியேட்டரில் ‘யு/ஏ’ என்று ஓட்ட முடியாது. வெட்டியபின் கதை புரிகிறதா என்று பார்த்துவிட்டு சேனலோடு கையெழுத்திடுங்கள்.

ஓடிடிக்கு வாரியச் சான்றிதழ் கட்டாயமில்லை. 2021 தகவல் தொழில்நுட்ப விதிகளின்படி தளமே வயதுப் பிரிவு கொடுக்கும். எந்தப் பிரதியை வாங்குகிறார்கள் என்பதை மட்டும் ஒப்பந்தத்தில் எழுதி வாங்குங்கள்.

வெட்டுகளை ஏற்க முடியாவிட்டால் வாரியத்தின் மறுஆய்வுக் குழு; அதற்கும் மேலே உயர் நீதிமன்றம்தான். நடுவில் இருந்த மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தை 2021இல் கலைத்துவிட்டார்கள். அரை நிமிடக் காட்சிக்காக ஒரு சிறு தயாரிப்பாளர் வழக்கறிஞருக்குப் பணம் கட்டி, வட்டியும் ஏற, வாய்தாவுக்குக் காத்திருப்பது என்ன நியாயம்? அந்த நிலை வராமலிருக்க, ஒவ்வொரு வெட்டுக்கும் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். காட்சி கதைக்கு ஏன் தேவை என்ற ஒரு பக்கக் குறிப்பை மறுஆய்வு மனுவோடு இணையுங்கள்.