முக்கூர்த்தி: மரம் இல்லாத மேடும் காடுதான் (கேள்வி பதில்)

நீலகிரியின் மேற்கு விளிம்பில் 78.46 சதுர கி.மீ. பரப்புள்ள முக்கூர்த்தி தேசியப் பூங்கா பற்றி வந்த கேள்விகளுக்கு என் பதில்கள்.

ஐயா, படத்தில் பார்த்தால் வெறும் புல்மேடாகத் தெரிகிறது. காட்டை வெட்டியதால்தானே இப்படி?

இல்லைங்க. இந்த எண்ணம்தான் அந்த மலைக்குப் பெருங்கேடு செய்தது. நீலகிரிச் சதுப்புகளில் படிந்த கரிமண்ணை ஆராய்ந்தபோது, 20,000 ஆண்டுகளுக்கு முன்பே அங்கே புல்வெளி இருந்தது தெரிந்தது. ஆங்கிலேயர் குடியேறியதே 1819-க்குப் பிறகுதான். குளிர்காலத்தில் திறந்த மேட்டில் உறைபனி விழும். சோலை என்னும் அடர்ந்த மலைக்காட்டின் மரக்கன்று அதில் கருகிப்போகும். அதனால்தான் ஈரமும் மறைவும் உள்ள மலை மடிப்புகளில் மட்டும் சோலை, மேடெல்லாம் புல். பெய்த மழையைப் பிடித்துவைத்துக் கொஞ்சம் கொஞ்சமாக ஓடையில் விடுவது இந்த இரண்டும் சேர்ந்துதான். பைக்காரா ஆறு அப்படித்தான் பிறக்கிறது.

அப்படியென்றால் சீகையும் (வாட்டில் மரம்) கற்பூர மரமும் (யூகலிப்டஸ்) எப்படி வந்தன?

நட்டு வந்தவை. இரண்டுமே ஆஸ்திரேலிய மரங்கள். முதலில் விறகுக்கு நட்டார்கள். சுதந்திரத்துக்குப் பிறகு தோல் பதனிடும் பட்டைக்கும் ஆலைகளுக்கான மரக்கூழுக்கும் புல்வெளியை மூடி நட்டார்கள். மரம் இல்லாத நிலம் வீண் நிலம் என்று நினைத்த காலம் அது. எனக்கு இன்றும் ஆறாத வருத்தம் இது. சீகையை வெட்டினாலும் தீராது. விதை பல்லாண்டு மண்ணில் கிடந்து முளைக்கும்.

அண்ணா, வரையாடு கூடியிருக்கிறதா?

கணக்கெடுப்பின்படி கூடியிருக்கிறது. தமிழ்நாடு முழுவதற்கும் 2024-இல் 1,031, 2025-இல் 1,303. முக்கூர்த்தி அதன் முக்கிய வாழிடம். வேட்டைக்குக் கட்டுப்பாடு 1879 சட்டத்திலேயே வந்துவிட்டது. மேய்ச்சலுக்குப் புல், ஆபத்தென்றால் ஏறி ஒதுங்கச் செங்குத்துப் பாறை, இரண்டும் பக்கத்தில் வேண்டும் அதற்கு. 1982-இல் சரணாலயமாகவும் 1990-இல் தேசியப் பூங்காவாகவும் அறிவித்தது பெரிதும் இந்த ஆட்டுக்காகத்தான்.

நீலகிரிப் பழங்குடிகளான தோடர்களுக்கும் இந்த மலைக்கும் என்ன உறவு?

அவர்கள் எருமை மேய்ந்ததும் கோயிலுக்குக் கூரை வேய்ந்ததும் இந்தப் புல்லில்தான். இறந்தவர்களின் உயிர் முக்கூர்த்திச் சிகரம் வழியே மறுவுலகம் போகும் என்பது அவர்கள் நம்பிக்கை.

சார், எங்கள் கல்லூரியிலிருந்து மரம் நட வரலாமா?

வனத்துறை அனுமதி இல்லாமல் உள்ளே போக முடியாது, தம்பி. அனுமதி கிடைத்தாலும் அந்த மேட்டில் மரம் நடாதீர்கள். சீகைக் கன்றைப் பிடுங்கி, நாட்டுப் புல்லை நாற்றுவிட்டு நடும் வேலை நீலகிரியில் நடக்கிறது. அதற்குக் கை கொடுங்கள்.