டோபாலஜியைச் சொந்தமாகப் படிக்க எந்தப் புத்தகத்தில் தொடங்கலாம்?

எம்.எஸ்சி. சேரும் முன்பே டோபாலஜியை (வெளிகளின் இணைப்பு, தொடர்ச்சி போன்ற பண்புகளைப் பார்க்கும் கணிதப் பிரிவை) நீங்களாகப் படிக்க எந்தப் புத்தகம் நல்லது என்று கேட்டிருக்கிறீர்கள். மெட்ரிக் வெளி, அதாவது புள்ளிகளுக்கிடையே தூரம் வரையறுக்கப்பட்ட கணம், ஓரளவு தெரியும் என்றால், யோசிக்காமல் ஜேம்ஸ் மங்க்ரஸ் எழுதிய 'டோபாலஜி'யை எடுங்கள். முதல் பதிப்பு 1975, இரண்டாம் பதிப்பு 2000.

ஒரு கணத்தின் எந்தெந்த உட்கணங்களைத் 'திறந்த கணம்' என்று கொள்வது என்பதை விதிப்படி தேர்ந்தெடுத்த தொகுப்புதான் அதன் மேலான டோபாலஜி. இந்த வரையறையைச் சொன்ன கையோடு, மூன்றே புள்ளிகள் கொண்ட கணத்தில் என்னென்ன டோபாலஜி அமையும் என்று படம் போட்டுக் காட்டுகிறார். அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவிட்டு நீங்களே பென்சிலால் எழுதிப் பாருங்கள். மொத்தம் 29 வரும்; a, b, c என்ற பெயர்களை மாற்றிப் போடுவதால் மட்டும் வேறுபடுபவற்றை ஒன்றாக எண்ணினால் 9. இதை ஒருமுறை கையால் செய்தவருக்குத் திறந்த கணம் என்பது மனப்பாட வரியாக இருக்காது.

மெட்ரிக் வெளியே புதிது என்றால் சிம்மன்ஸின் 1963 புத்தகமான 'Introduction to Topology and Modern Analysis'. அதில் மெட்ரிக் வெளி முடிந்த பிறகுதான், தூரம் தேவைப்படாத பொது டோபாலஜி வெளி வரும். நடையும் அவ்வளவு இதமானது! 'General Topology' எழுதிய கெல்லி அருமையானவர்தான், ஆனால் முதல் வாசிப்புக்கு வேண்டாம்.

அப்புறம், ஸ்டீன்–சீபாக் தொகுத்த எதிர் உதாரணங்கள் நூலைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். 143 உதாரணங்கள். அவற்றில் ஒன்று இது: sin(1/x) வரைபடத்தோடு y-அச்சில் −1 முதல் 1 வரையுள்ள கோட்டுத்துண்டைச் சேர்த்தால் அது இணைந்த வெளி, அதாவது இரண்டு தனித்தனித் திறந்த பகுதிகளாகப் பிரிக்க முடியாதது. ஆனால் அந்தத் துண்டிலிருந்து வளைவுக்குத் தொடர்ச்சியான பாதையே கிடையாது. ஏன் என்று ஒரு மாலை உட்கார்ந்து நிறுவிப் பாருங்கள்.