பதில்கள்: மீசைக்காரரும் டெலிபோன் பூத்தும்

கேள்வி: குணச்சித்திர நடிகர்களில் உங்களுக்கு மிகவும் பிடித்தவர் ஒரு ஸ்பானியர் என்று சென்ற இதழில் எழுதிவிட்டு, பெயரைச் சொல்லாமல் நழுவிவிட்டீர்களே?
- வாசகி, தஞ்சாவூர்

பதில்: நழுவவில்லை அம்மா, பெயரே அரை வரியை விழுங்கிவிடும் என்று தயங்கினேன். ஹொசே லூயிஸ் லோபெஸ் வாஸ்கெஸ். 1922-ல் மாட்ரிட்டில் பிறந்தவர். முதலில் நாடகங்களுக்கு உடை வடிவமைத்தவர். பிறகுதான் அந்த உடைகளுக்குள் தானே புகுந்துகொண்டார். வழுக்கை, மெல்லிய மீசை, எதையோ மறந்துவிட்டுத் தேடி ஓடுகிறவரைப் போன்ற பரபரப்பு. கதாநாயகனுக்கான லட்சணம் ஒன்றுகூட இல்லை. எந்த அரசு அலுவலகத்திலும் மூன்றாவது மேஜையில் உட்கார்ந்திருக்கும் முகம் அது.

அந்த முகத்தை முதலில் சரியாகப் பயன்படுத்தியவர் இயக்குநர் மார்கோ ஃபெர்ரேரி. 'எல் பிசீத்தோ' படத்தில், வாடகை வீடு கைக்கு வரவேண்டும் என்பதற்காகச் சாகக் கிடக்கும் கிழவியை மணந்துகொள்ளும் அப்பாவி இவர்தான். யோசனை சொல்லித் தள்ளிவிடுபவள் காதலி! பிறகு 1961-ல் இயக்குநர் பெர்லாங்காவின் 'பிளாசிதோ'. கிறிஸ்துமஸ் இரவில் பணக்காரர்கள் ஆளுக்கொரு ஏழையைச் சாப்பாட்டு மேஜைக்கு அழைக்கும் கூத்தை நடத்திவைக்கும் ஆசாமியாக, படம் முழுக்க ஓடிக்கொண்டே இருப்பார். பார்க்கிறவருடனெல்லாம் மரஅறுவை மில்காரரின் மகன் என்றே அறிமுகம். படம் ஆஸ்கர் பரிந்துரை வரை போனது. அடுத்த ஆண்டு வந்த 'லா கிரான் ஃபமிலியா' குடும்பப் படத்தில் பிள்ளைகள் கொண்டாடும் ஞானத்தந்தை வேடம். ஸ்பெயினில் வீட்டுக்கு வீடு அவர் சொந்தக்காரர் ஆனது அதன் பிறகுதான்.

கேள்வி: அப்படியானால் வெறும் சிரிப்பு நடிகர்தானா?
- கல்லூரி மாணவர், திருநெல்வேலி

பதில்: 'வெறும்' என்ற சொல்லை அடித்துவிடுங்கள், தம்பி. சிரிக்க வைத்த அதே முகத்தை வைத்துத்தான் நாட்டையே நடுங்க வைத்தார்கள்.

1972 டிசம்பர் 13. ஸ்பானிய அரசுத் தொலைக்காட்சியில் 'லா கபினா' ஒளிபரப்பானது. அன்டோனியோ மெர்செரோ இயக்கம், சுமார் 35 நிமிடம். மகனைப் பள்ளிப் பேருந்தில் ஏற்றிவிட்ட ஒருவர், புதிதாக நிறுத்திய சிவப்பு டெலிபோன் பூத்துக்குள் போகிறார். கதவு மூடிக்கொள்கிறது, திறக்கவில்லை. கூட்டம் சேர்கிறது, சிரிக்கிறது, பலசாலி ஒருவர் இழுத்துப் பார்க்கிறார், தீயணைப்புப் படை வருகிறது. கடைசியில் டெலிபோன் ஆட்கள் வந்து, அவரைப் பூத்தோடு லாரியில் ஏற்றிக்கொண்டு போகிறார்கள். முடிவைச் சொன்னால் ஆசிரியர் என் பத்தியை நிறுத்திவிடுவார்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருப்பதால் அவர் பேசுவது வெளியே கேட்காது. முதலில் சங்கடச் சிரிப்பு, அப்புறம் எரிச்சல், அப்புறம் கெஞ்சல், பிறகு பீதி, அத்தனையும் முகத்தில்தான். கம்பீரமான நட்சத்திரம் மாட்டியிருந்தால் எப்படியும் தப்பித்துவிடுவார் என்று நிம்மதியாக இருந்திருப்போம். இவர் தப்பிக்க மாட்டார் என்பது அந்த மீசையைப் பார்த்தாலே தெரிகிறது. சர்வாதிகாரி ஃபிராங்கோவின் ஆட்சியில் வாயடைக்கப்பட்ட ஸ்பானிய மக்களின் கதையாக இதைப் பலர் படித்தார்கள். படம் வந்தபின் பொது டெலிபோனில் பேசியவர்கள் கதவு மூடாதபடி காலைக் குறுக்கே வைத்துக்கொண்டார்களாம்! அடுத்த ஆண்டு தொலைக்காட்சிப் படைப்புகளுக்கான சர்வதேச எம்மி விருதும் கிடைத்தது.

அதே 1972-ல் 'மி கெரிதா சென்யோரிதா'. சிறு ஊரில் பெண்ணாகவே வளர்ந்து நடுவயதுக்கு வந்த அதெலா, மருத்துவரிடம் போய்த் தான் ஆண் என்று அறிகிறார். தணிக்கை கெடுபிடியான காலத்தில், கேலிக்கு இடமே கொடுக்காமல் நடித்தார். ஆஸ்கர் பரிந்துரை பெற்ற அந்தப் படத்தை வென்றது யார் தெரியுமா? இன்னொரு ஸ்பானியர், இயக்குநர் புனுவெலின் படம். ஆனால் பிரான்ஸ் சார்பில்!

1974-ல் இயக்குநர் கார்லோஸ் சௌராவின் 'லா ப்ரிமா ஆங்கெலிகா'. ஐம்பது வயதை ஒட்டியவர், ஒப்பனை ஏதும் மாற்றாமல், தன் சிறுவயதுக் காட்சிகளிலும் தானே சிறுவனாக நிற்கிறார். தோளைக் குறுக்கி, கண்ணைத் தாழ்த்தினால் போதும், பையன் வந்துவிடுகிறான். நம்மூர் 'வயதைக் குறைக்கும்' தொழில்நுட்பக்காரர்களுக்கு ஒருமுறை போட்டுக் காட்டலாம்.

கேள்வி: விருது ஏதாவது கொடுத்தார்களா?
- வாசகர், புதுச்சேரி

பதில்: 2005-ல், ஸ்பெயினின் முக்கியத் திரைப்பட விருதான கோயாவின் கௌரவ விருது. அப்போது அவருக்கு வயது 82. இருநூறுக்கும் மேற்பட்ட படங்களில் நடித்து முடித்தபின்!