சிட்டுக்குருவியா, மரச்சிட்டா? கேள்வி பதில்

வியாசர்பாடியிலிருந்து: சார், சிங்கப்பூரிலிருந்து அக்கா ஒரு குருவிப் படம் அனுப்பினார். நம்ம ஊர்க் குருவி போலவே இருக்கிறது, ஆனால் கன்னத்தில் கறுப்புப் புள்ளி. அது என்ன?

அது மரச்சிட்டு. உச்சந்தலை முழுக்கச் செம்பழுப்பு, வெள்ளைக் கன்னத்தில் கறுப்புத் திட்டு, ஆணும் பெண்ணும் ஒரே மாதிரி. நம் சிட்டுக்குருவியில் ஆணுக்கு உச்சி சாம்பல், தொண்டை கறுப்பு. பெண் மங்கிய பழுப்பு. ஐரோப்பாவில் ஊருக்குள் சிட்டுக்குருவி இருப்பதால் மரச்சிட்டு பெரும்பாலும் வயலோரம், தோப்பு, மரப்பொந்து என்று ஒதுங்கி வாழ்கிறது. சிட்டுக்குருவி கிட்டத்தட்ட இல்லாத ஜப்பானிலோ அதுவே தெருவுக்கு வந்து கூரை இடுக்கில் கூடு கட்டுகிறது. குளிர்காலத்தில் கூட்டமாக அறுத்த வயலில் விதை பொறுக்கும். சீனாவில் 1958-ல் தானியம் தின்கிறது என்று கொன்று குவித்தது இந்தப் பறவையைத்தான். பயிர்ப்பூச்சி பெருகிய பிறகு, 1960-ல் குருவியை விட்டுவிட்டு மூட்டைப்பூச்சியை ஒழிக்க வேண்டியவற்றின் பட்டியலில் சேர்த்தார்கள்.

பெரம்பூர்: எங்கள் மாடிக்கு வருவதும் மரச்சிட்டா?

இல்லை. இந்தியாவில் அதற்கு இமயமலை, வடகிழக்கு, ஆந்திரப் பக்கம் கிழக்குத் தொடர்ச்சி மலை. உங்கள் மாடிக்கு வருவது சிட்டுக்குருவி. கன்னத்தைப் பாருங்கள்.

வண்டலூர்: முள்காட்டில் மங்கலான குருவி, தொண்டையில் மஞ்சள்?

மஞ்சள்தொண்டைச் சிட்டு. பின்னாளில் பறவையியல் அறிஞரான சாலிம் அலி சிறுவனாக இருந்தபோது சுட்டு வீழ்த்தி, பெயர் தெரியாமல் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்துக்குக் கொண்டுபோன பறவை. நல்ல கண் உங்களுக்கு.

தாம்பரம்: பனையில் தொங்கும் கூடு?

தூக்கணாங்குருவி. அது வேறு குடும்பம்.

கே.கே. நகர்: குருவி குறைந்ததற்கு செல்போன் கோபுரம்தானே காரணம்?

அப்படி நிரூபணம் இல்லை.

கொடுங்கையூர்: எங்கள் தெருவில் கோபுரம் வந்த பிறகுதான் போனது, சார். கண்ணால் பார்த்தேன்.

நீங்கள் பார்த்ததை நான் மறுக்கவில்லை. அதே ஆண்டுகளில் உங்கள் தெருவில் ஓட்டு வீடுகள் எத்தனை இடிந்தன? மண் தரை எவ்வளவு சிமெண்ட் ஆனது? குஞ்சுக்கு முதல் நாட்களில் புழு பூச்சிதான் சாப்பாடு. செடியும் மண்ணும் போனால் புழு ஏது?

மண்ணடி: எங்கள் கடைத்தெருவில் கோபுரத்துக்குக் கீழேயே குருவி இருக்கிறது, சார்.

அதைத்தான் சொல்கிறேன். சிந்திய தானியம் இருக்கிறது, பழைய சுவரில் ஓட்டை இருக்கிறது. இந்தியப் பறவைகளின் நிலை குறித்த 2020 அறிக்கையும் நாடு முழுக்கப் பார்த்தால் சிட்டுக்குருவி ஏறக்குறைய நிலையாக இருக்கிறது, சென்னை உள்ளிட்ட ஆறு பெருநகரங்களில்தான் குறைந்திருக்கிறது என்றது. கோபுரம் கிராமத்திலும் நிற்கிறதே.

அம்பத்தூர்: கீழே விழுந்த குஞ்சுக்குப் பால் கொடுக்கலாமா?

வேண்டாம். பால் கூடவே கூடாது. இறகு முளைத்திருந்தால் பூனை எட்டாத கிளையில் விட்டு விலகி நில்லுங்கள், தாய் வரும். முளைக்கவில்லை என்றால் கூட்டில் வையுங்கள். மனிதக் கை பட்டதற்காகத் தாய் ஒதுக்காது.

கொளத்தூர்: கூட்டுப்பெட்டியின் ஓட்டை எவ்வளவு?

32 மில்லிமீட்டர். மேற்கு வெயில் படாத சுவரில் மாட்டுங்கள், மே மாதம் பெட்டிக்குள் குஞ்சு வெந்துபோகும்.

போரூர்: சார், படம் அனுப்பியிருக்கிறேன். மரச்சிட்டுதானே?

கன்னத்தில் புள்ளி இல்லை, அம்மா. சிட்டுக்குருவிப் பெண். அலகில் புழு வைத்திருக்கிறாள் பாருங்கள், பக்கத்தில் எங்கோ குஞ்சு இருக்கிறது. அந்தச் சுவருக்கு இப்போது வெள்ளையடிக்க வேண்டாம்.