சொத்துத் தகராறில் தாமதமாக வழக்குப் போட்டால் நீதிமன்றம் ஏற்குமா?

அப்பா பெயரிலிருந்த நிலம் அண்ணன் பெயருக்குப் பத்திரமாகியிருக்கிறது, உறவு கெடக்கூடாதென்று பேசிப்பேசியே சில ஆண்டுகள் போய்விட்டன, இனி வழக்குப் போடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். சிவில் வழக்குகள் நடத்துகிறவன் என்ற முறையில் பதில் சொல்கிறேன்.

பேச்சுவார்த்தை, ஊர்ப் பஞ்சாயத்து, காவல் நிலையப் புகார், வக்கீல் நோட்டீஸ், தாசில்தாரிடம் பட்டா மனு, இவற்றில் எதுவும் வழக்குப் போடுவதற்கான கெடுவை நிறுத்தி வைக்காது. எதிர்த்தரப்பு ஆட்சேபம் எழுப்பாவிட்டாலும் காலம் கடந்த வழக்கை நீதிமன்றம் தள்ளுபடி செய்தாக வேண்டும் என்கிறது 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின் 3ஆம் பிரிவு. தாமதத்தை மன்னிக்கக் கோரும் 5ஆம் பிரிவு மேல்முறையீட்டுக்கும் மனுக்களுக்கும்தான். முதன்முதலாகப் போடும் அசல் வழக்குக்குப் பொருந்தாது. நோய், வறுமை, வெளிநாட்டு வேலை என்று எவ்வளவு நியாயமான காரணம் சொன்னாலும் நீதிபதியால் அதை வைத்துக் கெடுவை நீட்டிக்க முடியாது. நல்ல வழக்கோடு வருகிறவரிடம் இதைச் சொல்ல நேரும்போதெல்லாம் மனம் கனக்கிறது.

கேட்கும் பரிகாரத்தைப் பொறுத்துக் கெடு மாறும். பத்திரத்தை ரத்து செய்யக் கேட்டால், அதற்கான விவரங்கள் முதலில் தெரியவந்த நாளிலிருந்து 3 ஆண்டு. உரிமையாளர் என்ற முறையில் சுவாதீனம் (நிலத்தை உங்கள் கையில் ஒப்படைப்பது) கேட்டால், எதிரி நிலத்தை வைத்து ஆளும் அனுபவம் உங்கள் உரிமையை மறுக்கும்படி எதிரிடையாக மாறிய நாளிலிருந்து 12 ஆண்டு. அதையும் தவறவிட்டால் 27ஆம் பிரிவின்படி உங்கள் உரிமையே அற்றுப்போகும். அதனால் உங்கள் அப்பா உண்மையிலேயே கையெழுத்துப் போட்டாரா என்பது முக்கியம். ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கிய கையெழுத்து என்றால் 3 ஆண்டுக் கெடு. கையெழுத்தே போலி என்றால் அந்தப் பத்திரம் தொடக்கத்திலிருந்தே செல்லாது, 12 ஆண்டுக் கணக்குதான் பொருந்தும் என்று வாதாட இடமுண்டு.

பாகம் பிரிக்காத சொத்தில் சற்று ஆறுதல் இருக்கிறது. ஒரு பங்காளியின் அனுபவம் எல்லாப் பங்காளிகளின் அனுபவமாகவே கருதப்படும். உனக்குப் பங்கில்லை என்று உங்களுக்குத் தெரியும்படி மறுத்து ஒதுக்கினால்தான் காலம் ஓடத் தொடங்கும்.

பெரும்பாலான வழக்குகளில் சண்டையே ‘எப்போது தெரியும்’ என்பதில்தான். மோசடி செய்து மறைத்திருந்தால், தெரிந்த நாளிலிருந்து கெடு ஓடும் என்கிறது 17ஆம் பிரிவு. அதோடு, தக்க முயற்சி எடுத்திருந்தால் தெரிந்திருக்கக்கூடிய நாளையும் அதே பிரிவு சேர்த்துச் சொல்கிறது. பதிவான பத்திரம்தானே, வில்லங்கச் சான்று போட்டிருந்தால் தெரிந்திருக்குமே என்று எதிர்த்தரப்பு கேட்கும். சாட்சிக் கூண்டில் வாதி, “போன வருடம்தான் ஐயா தெரியும்” என்பார். அவர் தாக்கல் செய்த பத்திர நகலையே பின்பக்கம் திருப்பிக் காட்டுவார் எதிர்த்தரப்பு வக்கீல். சார்பதிவாளர் அலுவலக முத்திரை, நகல் கேட்டு மனு செய்தவர் பெயர், தேதி. தேதி ஆறு ஆண்டுக்கு முந்தையது. அதற்கப்புறம் அவர் சொல்லும் உண்மைகளைக்கூட நம்ப வைப்பது கடினம்.

கெடுவுக்குள் வந்தாலும் தாமதம் கெடுதல் செய்யும். பத்திரத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்கள் இறந்துவிடுவார்கள். நிலம் மூன்றாம் நபருக்கு விற்கப்படும். கட்டடம் எழும்வரை பார்த்துக்கொண்டிருந்தவருக்கு இடைக்காலத் தடை உத்தரவு எளிதில் கிடைக்காது.

ஆகவே இந்த வாரமே வில்லங்கச் சான்றும் பத்திர நகலும் வாங்கிக்கொண்டு வக்கீலைப் பாருங்கள். உங்களுக்கு முதலில் தெரிந்த நாளை அவரிடம் மறைக்காதீர்கள். வழக்கு மூலம், அதாவது வழக்குப் போடக் காரணமான நிகழ்வு, எழுந்த நாளைப் பிராதில் (நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் வழக்கு மனுவில்) எழுதியாக வேண்டும். பிராதைப் படித்த அளவிலேயே காலம் கடந்தது தெரிந்தால், சாட்சி விசாரணைக்கே போகாமல் உரிமையியல் நடைமுறைச் சட்டம் 7ஆம் உத்தரவு, 11ஆம் விதியின்கீழ் அதை நிராகரித்துவிடுவார்கள்.