அந்தச் சங்கிலியை அடகு வைக்காதீர்கள், அண்ணா

கேரள-தமிழ்நாடு எல்லையில் இருக்கும் வேலந்தாவளத்தில் காய்கறி வியாபாரம் செய்யும் ஓர் அண்ணன், போன சனிக்கிழமை மனைவி, மகளோடு கொழிஞ்சாம்பாறைக்கு என்னைப் பார்க்க வந்தார். மகள் பிளஸ் டூ முடித்துவிட்டாள். நீட்டில் மார்க் வரவில்லை. "டீச்சர், ரிப்பீட்டர் பேட்ச்சுல இன்னும் ஒரு வருசம் சேர்த்தா கிடைச்சிரும்னு கோயமுத்தூர் மச்சான் சொல்றாருங்க. இவ என்னடான்னா பொம்மையோட டிவில பேசப் போறேங்கறா." அம்மா எதுவும் பேசவில்லை. கழுத்துச் சங்கிலியைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார். ஃபீஸுக்காக அடகுக்குப் போகவிருப்பது அதுதான்.

நானும் முதலில் "கவலைப்படாதீங்க" என்றுதான் தொடங்கினேன். சங்கிலியைப் பார்த்ததும் அந்தப் பேச்சை விட்டுவிட்டேன்.

அண்ணா, வேண்டாம். பயாலஜி புத்தகத்தைத் திறக்கவே பிடிக்கவில்லை என்று பிள்ளை உங்கள் முன்னாலேயே சொன்னாள். வட்டியை மச்சான் கட்டப்போவதில்லை. நர்சிங், பி.காம் பற்றியெல்லாம் ஊரே உங்களுக்குச் சொல்லும். யாரும் சொல்லாததை நான் சொல்கிறேன்.

அவள் பையிலிருந்து பழைய சாக்ஸில் செய்த பொம்மையை எடுத்தாள். இரண்டு சட்டைப் பட்டன்தான் கண். "அம்மா, பசிக்குது" என்றது பொம்மை. இவள் உதடு இரண்டு இடத்தில் ஒட்டியது. "அந்த 'ம'வும் 'ப'வும்தான் டீச்சர் வரமாட்டேங்குது" என்றாள். தன் குறை எங்கே இருக்கிறது என்று தானே கண்டுபிடித்திருக்கிறாள். பயாலஜியில் இப்படி ஒருநாளாவது தேடியிருப்பாளா?

உதடு அசையாமல், பொம்மையே பேசுவதுபோலப் பேசும் கலைக்கு வென்ட்ரிலோகிசம் என்று பெயர். அதில் ப, ம, வ மூன்றும்தான் எதிரி. உதடு செய்கிற வேலையைப் பல்லுக்குப் பின்னால் நாக்கு செய்ய வேண்டும். 'ப' வருமிடத்தில் 'த', 'ம' வருமிடத்தில் 'ந' என்று மெல்ல ஒலிக்கப் பழகுவார்கள். சரியாகப் பழகாவிட்டால் 'பாப்பா' 'தாத்தா' ஆகிவிடும். அதனால் பொம்மையின் வசனத்தை எழுதும்போதே சொல்லைத் தேட வேண்டும். பொம்மை 'அம்மா' என்று ஏன் கூப்பிட வேண்டும்? 'ஆத்தா' என்று கூப்பிடட்டும். அப்பாவை 'நைனா' என்று கூப்பிடட்டும். நம் எல்லையூரில் இரண்டுமே புழங்குகிற சொற்கள். உதடு ஒட்டாமல் பாடுவதைத் தமிழில் நிரோட்டகம் என்று ஒரு தனி வகையாகவே வைத்திருக்கிறார்கள். 341ஆம் குறளைச் சொல்லிப் பாருங்கள், உதடு ஒட்டவே ஒட்டாது. இன்னொன்றும் அவளிடம் சொன்னேன்: பொம்மையின் வாயைத் திறக்க நான்கு விரலை மேலே தூக்காதே, கட்டைவிரலைக் கீழே இறக்கு. பேசும்போது தாடைதான் இறங்கும். இவள் பொம்மை ஒவ்வொரு சொல்லுக்கும் விட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது.

இதில் வாழ்ந்தவர்கள் இருக்கிறார்கள். மும்பை ராம்தாஸ் பாத்யே மெக்கானிக்கல் இன்ஜினியரிங் படித்தவர். அப்பா உருவாக்கிய அர்த்தவட்ராவ் பொம்மையோடு 1967 முதல் மேடையேறியவர். லிஜ்ஜத் அப்பள விளம்பரத்து முயலும் அவருடையதுதான். இங்கிலாந்தில் கீத் ஹாரிஸ், சின்ன வயதில் அப்பாவின் மடியில் பொம்மையாக உட்கார்ந்தே தொழிலைத் தொடங்கினார். 1980களில் ஓர்வில் என்ற பச்சை வாத்துக்குஞ்சோடு பி.பி.சி.யில் தனி நிகழ்ச்சி நடத்தினார். அந்த நிகழ்ச்சி நின்றபின் மேடைதான் அவருக்குச் சோறு போட்டது. அதனால் டிவியை மட்டும் நம்பிக் காசு செலவழிக்க நான் சம்மதிக்க மாட்டேன். 'சேனலில் வாய்ப்பு வாங்கித் தருகிறோம்' என்று பணம் கேட்கிற எந்தப் படிப்பும் வேண்டாம். விலை கூடிய பொம்மையும் இப்போது வேண்டாம், சாக்ஸ் போதும்.

நம் பக்கத்தில் மேடைக்குப் பஞ்சமில்லை. ஆனால் உற்சவ சீசன் முடிந்து ஆடி மழை பிடித்தால் ஒரு நிகழ்ச்சியும் வராது. அந்த மாதங்களுக்கு ஒரு பட்டம் வேண்டும். சித்தூர் அரசுக் கல்லூரியில் பி.ஏ. தமிழ் சேருங்கள். அரசுக் கல்லூரி, வீட்டிலிருந்து பஸ். பின்னால் பி.எட். முடித்தால் தமிழ் டீச்சர் வேலைக்கும் போகலாம். தமிழ் படித்தால் என்ன கிடைக்கும் என்று மச்சான் கேட்பார். இவளுக்கு வேண்டியது சொல், அது அங்கே கிடைக்கும்.

லீவில் ஷொரணூர் பக்கம் கூனத்தறைக்கு ஒருமுறை கூட்டிப் போங்கள். தோல்பாவைக்கூத்து நடத்துகிற புலவர் குடும்பம் அங்கே இருக்கிறது. ராமச்சந்திரப் புலவருக்கு 2021இல் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். கூத்துமாடத்தில் 21 விளக்குகளுக்கு முன்னால் மலையாளிகள் பாடுவது கம்பன் பாட்டு! ஒரே ஆள் ராமனாகவும் ராவணனாகவும் குரல் மாற்றுவதை இவள் பக்கத்தில் இருந்து கேட்க வேண்டும். 18 முதல் 25 வயதுக்குள் இருக்கும் இளம் கலைஞர்களுக்கு மத்திய கலாச்சார அமைச்சகம் மாதம் 5,000 ரூபாய் வீதம் 2 வருடம் உதவித்தொகை தருகிறது. பொம்மலாட்டமும் அந்தப் பட்டியலில் இருக்கிறது. அதற்கு முறையாகக் கற்றிருக்க வேண்டும், அதனால்தான் இப்போதே தொடங்கச் சொல்கிறேன்.

அண்ணா, அடுத்த சனிக்கிழமை வரும்போது கல்லூரி விண்ணப்பத்தைக் கொண்டு வாருங்கள். சங்கிலி அண்ணி கழுத்திலேயே இருக்கட்டும். பொம்மையையும் எடுத்து வரச் சொல்லுங்கள், கட்டைவிரல் பழகியிருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.