ரீலில் நிற்பவர் யார்?

கேள்வி: ஓர் ஆவணப்படத்தில் இரண்டாம் உலகப் போர்க்காலத் திருகோணமலைத் துறைமுகம் என்று ஒரு காட்சி வந்தது. மூட்டை சுமப்பவர்களில் ஒருவர் அசல் எங்கள் அம்மப்பா. எப்படி உறுதிசெய்வது? எங்களிடம் கேட்காமல் காட்டலாமா?
- வாசகி, உவர்மலை

பதில்: காட்டலாம். பதிப்புரிமை படமெடுத்தவருக்கோ எடுப்பித்த நிறுவனத்துக்கோ உரியது; படத்தில் நிற்பவருக்கு அதில் பங்கில்லை.

முகத்துக்கு முன் இடத்தைப் பாருங்கள். செய்திப்படத் துண்டுகளை ஊர் மாற்றி ஒட்டுவது பழைய வழக்கம். காட்சி வரும் நிமிடம், வினாடியைக் குறிப்பிட்டுத் தயாரிப்பாளருக்கு எழுதி, மூல ரீலின் இலக்கத்தைக் கேளுங்கள். பிரித்தானிய இராணுவப் படப்பிடிப்பாளர்கள் எடுத்தவற்றில் பெரும்பகுதி லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ரீலோடு அவர்கள் அனுப்பிய ‘டோப் ஷீட்’ தாளில் திகதி, இடம், ஒவ்வொரு ஷொட்டின் விபரம் எழுதியிருக்கும். தளபதிக்குப் பெயர் இருக்கும். சுமைகாரருக்கு அநேகமாக இராது. திகதி கிடைத்தால் அம்மப்பாவின் வயதோடு ஒப்பிடலாம். ‘குண்டு போட்ட வருசம்’ என்று வீட்டில் சொல்வது, ஜப்பானிய விமானங்கள் திருகோணமலையைத் தாக்கிய 1942; நாள் ஏப்ரல் 9.

படம் இடவலம் மாறியிருக்கலாம். கப்பலிலோ பெட்டியிலோ உள்ள எழுத்தைப் பாருங்கள்; இல்லாவிட்டால் இடக்கன்னத் தழும்பை வலத்தில் தேடுவீர்கள். நடை துள்ளினால், வினாடிக்கு 16 பிரேமில் எடுத்ததை 25இல் ஓட்டியிருக்கலாம். அப்படியானால் வேகத்தை 64 வீதமாகக் குறைத்தால் இயல்பான நடை தெரியும். நடையை வைத்து ஆளைப் பிடிப்பவர்கள் நம் ஊரில் நிறையப் பேர்.

செயற்கை நுண்ணறிவுச் செயலியால் முகத்தைத் தெளிவாக்க வேண்டாம். அது இல்லாத மூக்கையும் கண்ணையும் தானே வரைந்துவிடும். அடுத்தடுத்த ஐந்தாறு பிரேம்களை அப்படியே எடுத்து, காது மடலையும் நெற்றி மயிர்க்கோட்டையும் குடும்பப் படத்தோடு ஒப்பிடுங்கள். பிறகு வயதானவர்களிடம் தனித்தனியாக, பெயர் சொல்லாமல் காட்டுங்கள். “இது அம்மப்பாதானே?” என்று தொடங்கினால் எல்லோரும் ஓம் என்பார்கள். இருவராவது தாமாகச் சொன்னால், ரீல் இலக்கத்தோடு காப்பகத்துக்கு எழுதி, பட்டியலில் பெயர் சேர்க்கக் கேட்கலாம்.

கேள்வி: 2004 சுனாமியின்போது எடுத்த மினி டிவி (MiniDV) வீடியோ கசட்டுகள் இருக்கின்றன. குறும்படத்தில் சேர்க்கலாமா?
- மாணவர், நிலாவெளி

பதில்: வெள்ளைப் பூஞ்சணம் தெரிந்தால் இயந்திரத்தில் போடாதீர்கள், நாடாவைப் படிக்கும் ஹெட் அடைத்துவிடும். நல்ல கசட்டை முதலில் கடைசிவரை ஓட்டி, திருப்பிச் சுற்றிய பின் ஃபயர்வயர் (FireWire) கேபிளால் கணினியில் ஏற்றுங்கள். ஒரு மணி நேரத்துக்கு ஏறக்குறைய 13 ஜிபி வேண்டும். எல்பி (LP) என்ற நீண்டநேரப் பதிவு முறையில் பதிந்தது வேறு கமராவில் கட்டம் கட்டமாக உடையலாம், எடுத்த கமராவையே தேடுங்கள்.

எடுத்தவரின் அனுமதியை எழுத்தில் வாங்குங்கள். அழுகிற முகங்களுக்கு அது போதாது: அவர்கள் இன்றும் பக்கத்துத் தெருவில் இருக்கலாம், தேடிப் போய்க் கேளுங்கள். கிடைக்காவிட்டால் தூரக் காட்சியைப் போடுங்கள். சடலங்களை விட்டுவிடுங்கள். நிலாவெளியில் எடுத்ததை மூதூர் என்று ஓட்டாதீர்கள்.